தபாற் குறி கூறும் சரித்திரம்

(ஆண்டுக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



முத்திரை சேர்ப்போர் நம்மிடையே பலருண்டு. முத்திரைமேல் தபாற் கந்தோரார் மையிட்டுக் குத்தும் வட்டக் குறியை, அதாவது நாம் ‘சீல்’ என்பதை, உற்று நோக்குவோர் சிலரே. விமானக் கடிதங்களில் உள்ள அக்குறிகளைப் பற்றிச் சில வார்த்தைகள் கூற விழைகிறேன்.

1911ஆம் ஆண்டு பெப்ரவரி 18ஆந் திகதி, ஆன்றி பெக்கே என்னும் பிரெஞ்சு விமானி சுமார் 6,500 கடிதங்களுடன் அலகாபாத்திலிருந்து யமுனையைக் கடந்து நைனி சேர்ந்தார். அவற்றில் குத்திய குறியில் விமானத்தின் உருவமும் இருந்தது.

இலங்கைக்கு அப்பாக்கியம் 1938 பெப்ரவரி 28இல் கிட்டியது. அன்று டாட்டா விமானச் சேவை இரத்மலானையைச் சென்னை வழியாகக் கராச்சியோடு இணைத்தது. அப்போதைய பிரித்தானியத் திட்டப்படி விமானத்துக்கெனத் தனிக் கட்டணம் இல்லை. ஆதலால் உறையில் விமானம் என்ற சொல்லே இல்லாதிருக்கலாம். புறப்பட்ட குறிக்கும் சேர்ந்த குறிக்கும் இடைப்பட்ட நாட்களை எண்ணியே, வான்வழி வந்ததா, கப்பலில் வந்ததா என்று தெளிய வேண்டும்.

தோட்டத்து மக்களுக்கு இது எதற்கென்று கேட்பீர்கள். 1964ஆம் ஆண்டின் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தால் நம் உறவினர் பல்லாயிரவர் இந்தியா சென்றனர். என் அம்மாயியின் அண்ணனும் அவ்வாறு சென்றவரே. அவர் விமானத் தபாலில் அனுப்பிய ஒரே கடிதத்தை அம்மாயி டிரங்குப் பெட்டியில் பொத்தி வைத்திருந்தார். மிஷன் பாடசாலையில் ஏழாம் வகுப்புப் படித்த நான், ஆல்பத்துக்காக முத்திரையைக் கத்தரித்துக்கொண்டு உறையை அடுப்பிலிட்டேன். கடிதத்தினுள் ஊர்ப்பெயர் இல்லை. பின்னாளில் அவ்வுறவைத் தேடியபோது, முத்திரைமேல் பாதி வட்டமும் ‘கிரி’ என்னும் முடிவுமே எஞ்சியிருந்தன. கோத்தகிரியா? கிருஷ்ணகிரியா? ஆண்டும் இல்லை. அம்மாயி கோபிக்கவில்லை. “விடு ராசா, கையெழுத்தாச்சும் இருக்கே” என்றார். அச்சொல் என்னை இன்னும் சுடுகிறது.

ஆகையால் நண்பர்களே, உறையைக் கத்தரியாதீர்கள். பசை பூசாமல், மலைநாட்டு ஈரம் படாமல், முழுமையாக வையுங்கள். யார் யாருக்கு எழுதியதென்பதை மூத்தோரிடம் கேட்டுத் தனித்தாளில் குறித்து உடன் வையுங்கள். நம்மவர் பிரிந்து சென்ற ஊரையும் நாளையும் தபாற் கந்தோர் நமக்காகக் குறித்துத் தந்திருக்கிறது. அதனை நாமே அழிக்காதிருப்போமாக!