அந்தப் பெரியவரின் தோட்டத்துக்குப் போங்கள்



பின்வரிசையில் நிற்கிற தம்பி, போனில் பயிர் வைத்து ஆடுகிறாயே, அந்தப் பண்ணை விளையாட்டுக்கெல்லாம் முன்னோடி 1996-இல் ஜப்பானில் வந்த 'ஹார்வெஸ்ட் மூன்'. செய்தவர் யசுஹிரோ வாடா. பிழைக்க டோக்கியோ போனவரை ஊர் ஏக்கம் விடவில்லை. அந்த ஏக்கத்தில் பிறந்த ஆட்டத்தில் கத்தி இல்லை, துப்பாக்கி இல்லை. பிறகு வந்த பாகத்தில் தாத்தா விட்டுப்போன பண்ணைக்குப் பேரன் வருகிறான். பாறை பெயர்க்கிறான், விதைக்கிறான். ஊற்றிலிருந்து அறுவடைத் தெய்வம் எழுந்து வருகிறாள். கைதட்டுங்கள்! வாடாவுக்கு மட்டுமல்ல, உங்கள் தாத்தாவுக்கும் சேர்த்து!

படக்கதையால் பிள்ளைகள் கெடுகிறார்கள் என்று ஒருவர் மேடைக்கு மேடை முழங்குகிறார். பெயர் சொல்ல மாட்டேன். ஐயா, ஹிரோமு அரகாவா என்ற பெண் ஹொக்கைடோ பால்பண்ணையில் பிறந்தவர். ஏழு வருடம் அங்கே உழைத்துவிட்டுத்தான் டோக்கியோவுக்கு வரையப் போனார். மந்திர தந்திரக் கதை எழுதி உலகப் புகழ் பெற்றவர், 2011-இல் 'சில்வர் ஸ்பூன்' என்று வேளாண் பள்ளிக் கதைக்கு வந்தார். நகரத்துப் பையன் ஒரு பன்றிக்குட்டிக்குப் பேர் வைத்து வளர்க்கிறான். அது அறுப்புக்குப் போகிறது. அதன் கறியைத் தன் காசில் அவனே வாங்குகிறான். சாணி அள்ளிய கைக்குத்தான் இதை எழுத வரும்! இதைப் படித்த பிள்ளையா கெடும்?

நமக்குக் கதையா இல்லை? பழனி பஞ்சாமிர்தத்துக்கு மணம் கொடுத்த விருப்பாச்சி வாழை நம் பண்ணைக்காட்டு மலையின் பிள்ளை. முடிக்கொத்து நோய் வந்தது. அசுவினிப் பூச்சி பரப்பியது. இலை குறுகி, விறைத்து, உச்சியில் கொத்தாக நின்றுவிடும், குலை தள்ளாது. 18,000 ஹெக்டேர் 2,000 ஆகச் சுருங்கியது என்கிறார்கள். 2008-இல் புவிசார் குறியீடு வந்தது. சந்தோஷம். ஆனால் குறியீடு வந்த பிறகு கன்று வைத்தவன் எத்தனை பேர், இடத்தை விடுதிக்கு விற்றவன் எத்தனை பேர்?

இதே பண்ணைக்காட்டில் ஒரு பெரியவர் இருக்கிறார். பேர் சொன்னால் கோபித்துக்கொள்வார். சில்வர் ஓக்கில் மிளகு, அடியில் காப்பி, நடுவே வாழை. நோய் கண்ட மரத்தைக் கிழங்கோடு தோண்டி எடுக்கிறார், மறுபடி கன்று வைக்கிறார். விலை பேச வந்தவர்களுக்குக் காப்பி கொடுத்து அனுப்பிவிடுகிறார். ஜப்பானில் இருந்திருந்தால் அவரை வைத்துப் பத்துப் பாகம் எழுதியிருப்பார்கள்!

தம்பி, நாளைக் காலையில் நோட்டு எடுத்துக்கொண்டு அவரிடம் போ. தோட்டத்துக் கன்னிமாருக்கு முதல் குலை ஏன் போகிறது, ஆரஞ்சு எந்த வருஷம் பட்டுப்போனது, எல்லாம் கேள். கேட்டு எழுது. அச்சுப் போடுகிற செலவு என் பொறுப்பு!