பிடி அரிசி சொல்லும் பாடம்

(கல்வி வளர்ச்சி நாளையொட்டி நடைபெற்ற ஆசிரியர் கூட்டமொன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



நான் 31 ஆண்டுகள் சமூக அறிவியல் பாடம் நடத்திவிட்டு ஓய்வு பெற்றவன். இந்தக் கூட்டத்துக்கு அழைத்தபோது, “காமராசரைப் பற்றிப் பேசுங்கள் ஐயா” என்றார்கள். அவரைப் பற்றித்தான் பேசப் போகிறேன். அதற்கு முன் என் மீதே ஒரு குற்றச்சாட்டு இருக்கிறது. அதைச் சொல்லிவிடுகிறேன்.

நான் பணியில் சேர்ந்து நான்காவது ஆண்டு. எட்டாம் வகுப்புக்கு வகுப்பாசிரியர். கல்வி உதவித்தொகைக்கான பட்டியலை அன்று மாலைக்குள் கேட்டிருந்தார்கள். அவசர அவசரமாக வகுப்பில் நுழைந்து, “ஆதிதிராவிட மாணவர்கள் எல்லாம் எழுந்து நில்லுங்கள்” என்றேன். சீக்கிரம் பெயர் எழுதி முடிக்க வேண்டும் என்பதைத் தவிர என் மனத்தில் வேறொன்றும் இல்லை. ஆறு பேர் எழுந்தார்கள். ஏழாவது மாணவன் எழவில்லை. “நீயும்தானே, எழுந்திருடா” என்றேன். தலையைக் குனிந்தபடி எழுந்தான். பக்கத்தில் உட்கார்ந்திருந்த அவனுடைய நண்பன் அவனைத் திரும்பிப் பார்த்தான். மறுநாள் அந்த இருவரும் ஒரே பெஞ்சில் இல்லை.

நான் யாரையும் திட்டவில்லை, அடிக்கவில்லை. அரசு தரும் உதவியை வாங்கிக் கொடுக்கத்தான் முனைந்தேன். ஆனாலும் அதுவரை அந்த இரண்டு சிறுவர்களுக்கு நடுவில் இல்லாத ஒன்றைக் கொண்டுவந்து வைத்தவன் நான்தான். சாதி என்பது வீட்டிலும் தெருவிலும் இருப்பது, பள்ளி வாசலோடு நின்றுவிடும் என்று நம்பிக் கொண்டிருந்தேன். அது என் கையிலிருந்த பட்டியலோடு உள்ளே வந்துவிட்டது.

இனி வரலாற்றுக்கு வருவோம். காமராசர் எங்கே படித்தார்? விருதுநகரில், 1889இல் தொடங்கப்பட்ட சத்திரிய வித்தியாசாலையில். அதைப் ‘பிடி அரிசிப் பள்ளிக்கூடம்’ என்று சொல்வார்கள். வீட்டில் உலை வைக்கும்போது ஒரு கைப்பிடி அரிசியை எடுத்துத் தனியே போட்டு வைப்பார்கள். வீடு வீடாகச் சேரும் அந்த அரிசி பள்ளியின் செலவுக்குப் போகும். வணிகர்களோ தாங்கள் வாங்கி விற்கும் சரக்குக்கு இவ்வளவு என்று ‘மகமை’ செலுத்துவார்கள். அது உறவின்முறையின் பொது நிதி.

ஏன் அப்படிக் காசு சேர்த்துப் பள்ளி நடத்த வேண்டியிருந்தது? 19ஆம் நூற்றாண்டில் அந்தச் சமூகத்தின் நிலை என்ன என்று பாருங்கள். பெரும்பாலோர் பனையேறிப் பிழைத்தவர்கள். ஊர்க் கோயில்களின் வாசல் அவர்களுக்குத் திறக்கவில்லை. தென் திருவிதாங்கூரில் அந்தச் சமூகப் பெண்கள் மார்பை மறைத்து உடுத்தும் உரிமைக்காகவே பல பத்தாண்டுகள் போராட வேண்டியிருந்தது. 1859இல்தான் அதற்கான அரச ஆணை வந்தது. 1897இல் கமுதி கோயிலுக்குள் நுழைந்து வழிபட்டதற்காக வழக்கு வந்தது. 1899இல் சிவகாசியில் பெரும் கலவரம் மூண்டது. கமுதி வழக்கு இலண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. 1908இல் அங்கும் தோல்விதான்.

அதே காலத்தில் அவர்கள் இன்னொரு முயற்சியும் செய்தார்கள். ‘நாங்கள் சத்திரியர்கள், ஆள வந்தவர்கள்’ என்றார்கள். பள்ளியின் பெயரிலேயே அந்தக் கோரிக்கை இருக்கிறது பாருங்கள். கீழே வைக்கப்பட்ட ஒரு சாதி, மேலே உள்ளவர்களின் பழக்கவழக்கங்களை மேற்கொண்டு தன் நிலையை உயர்த்திக் கொள்ள முயல்வதைச் சமூகவியலாளர் எம்.என். சீனிவாஸ் சமஸ்கிருதமயமாக்கம் என்றார். குடகு மக்களைப் பற்றி 1952இல் வெளியான அவருடைய நூல் அதை விளக்குகிறது.

சத்திரியர் என்ற கோரிக்கையால் கோயில் வாசல் திறக்கவில்லை. நீதிமன்றமும் கைகொடுக்கவில்லை. ஆனால் பிடி அரிசியால் பள்ளி நடந்தது. அதில் படித்த பிள்ளைகள் கணக்கு எழுதினார்கள், மனு எழுதினார்கள், அலுவலகத்துக்குப் போனார்கள். 1910இல் நாடார் மகாஜன சங்கம் உருவானது. 1921இல் அரசு ஆவணங்களில் அவர்கள் விரும்பிய பெயரே ஏற்கப்பட்டது. 1939 ஜூலை 8 அன்று மதுரை மீனாட்சியம்மன் கோயிலுக்குள் வைத்தியநாத ஐயர் தலைமையில் ஆலயப் பிரவேசம் நடந்தபோது, தாழ்த்தப்பட்ட சமூகத்தவரோடு நாடார் சமூகத்தவரும் சேர்ந்து நுழைந்தார்கள். ‘நான் உன்னைவிட மேல்’ என்று நிரூபிப்பதற்கு மாறாக, ‘எல்லாரும் உள்ளே போகலாம்’ என்ற நிலை வந்தபோதுதான் வாசல் திறந்தது.

இந்த இடத்தில் ஒரு கேள்வி வரும். “அவர்கள் ஒற்றுமையாக இருந்து முன்னேறினார்கள். மற்றவர்களும் அப்படிச் செய்ய வேண்டியதுதானே?” ஆசிரியர் அறையில் நானே பலமுறை கேட்டிருக்கிறேன். இந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல, மேற்கே கொஞ்சம் போக வேண்டும்.

மகமை செலுத்த வேண்டுமென்றால் கையில் சரக்கு வேண்டும். பிடி அரிசி எடுக்க வேண்டுமென்றால் பானையில் அரிசி வேண்டும். இரண்டும் இல்லாதவர்கள் என்ன செய்வார்கள்? அன்றைய திருவிதாங்கூரில் வயல் வேலை செய்த புலையர் சமூகத்தில் 1863இல் பிறந்தவர் அய்யன்காளி. பள்ளிக்கூடம் போகாதவர். 1907இல் சாது ஜன பரிபாலன சங்கத்தைத் தொடங்கினார். தங்கள் பிள்ளைகளைப் பள்ளியில் சேர்க்காவிட்டால் வயலில் இறங்க மாட்டோம் என்று அந்த மக்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். அவர்களிடம் இருந்தது உழைப்பு மட்டுமே, அதையே ஆயுதமாக்கினார்கள். கூலி உயர்வுக்கு வேலைநிறுத்தம் கேள்விப்பட்டிருக்கிறோம். பிள்ளைகளின் படிப்புக்காக, அன்றாடக் கூலியையும் விட்டுவிட்டுப் பட்டினி கிடந்தவர்கள் அவர்கள்.

ஊருட்டம்பலம் பள்ளிக்குப் பஞ்சமி என்ற சிறுமியை அய்யன்காளியே அழைத்துச் சென்றார். அரசின் அனுமதி இருந்தது. ஆனால் பள்ளிக்குத் தீ வைத்தார்கள். ஒரு சிறுமி உட்கார்ந்த பள்ளியை எரிப்பதே மேல் என்று நினைத்திருக்கிறார்கள். அந்தத் தீயில் கருகிய பெஞ்சை இன்றும் அந்தப் பள்ளியில் பாதுகாத்து வைத்திருக்கிறார்கள்.

ஆகவே, ‘ஒற்றுமையாக இருந்தால் எல்லாரும் முன்னேறலாம்’ என்பது பாதி உண்மைதான். கையில் எதுவும் இல்லாதவர்களுக்கு அரசு துணை நிற்க வேண்டும். காமராசரின் இடம் அங்கேதான் வருகிறது. பிடி அரிசிப் பள்ளியில் படித்து, பாதியிலேயே படிப்பை விட்டவர் 1954இல் முதலமைச்சரானார். மூடப்பட்ட பள்ளிகளைத் திறந்தார். 1956இல் மதிய உணவுத் திட்டத்தைத் தொடங்கினார். தொடக்கத்தில் அந்த உணவுக்கு ஊர் மக்கள் தந்த நன்கொடையும் அரசின் பணமும் சேர்ந்தே உதவின. அதுவும் ஒருவகைப் பிடி அரிசிதான். ஆனால் இந்த முறை அது ஒரு சாதியின் பிள்ளைகளுக்காக எடுத்தது இல்லை. தட்டோடு வந்த எந்தப் பிள்ளைக்கும் சோறு போட எடுத்தது.

ஆசிரியப் பெருமக்களே, இன்று நான் சொல்ல வந்தது இதைத்தான். சாதிச் சங்கமும் உறவின்முறையும் ஒரு காலத்தில் ஏணியாக இருந்தன. ஏறி வந்தவர்களில் சிலர் அந்த ஏணியைப் படுக்க வைத்து வேலியாக்கிக் கொள்கிறார்கள். நம் மாணவர்கள் கையில் கட்டும் வண்ணக் கயிறு அந்த வேலியின் ஒரு துண்டு. பள்ளி மாணவர்களிடையே சாதி வன்முறையைத் தடுக்க வழி கேட்டு 2023இல் அரசு ஓய்வு பெற்ற நீதியரசர் சந்துரு தலைமையில் ஒரு நபர் குழுவை அமைத்தது. 2024 ஜூனில் அறிக்கை வந்தது. கயிறு கட்டுவதைத் தடை செய்வது, வருகைப் பதிவேட்டில் சாதி விவரம் இல்லாமல் செய்வது ஆகியவை அதன் பரிந்துரைகளில் அடக்கம். கயிற்றை அறுப்பது எளிது. கயிறு கட்டத் தோன்றும் மனத்தோடு பேசுவதுதான் நம் வேலை.

நான் இந்த வரலாற்றை வகுப்பில் நடத்தியபோது ஒரு மாணவன் பெருமையாக, “எங்க ஆளுங்க சார்” என்றான். இன்னொருவன், “அப்ப தடுத்தது எங்க ஆளுங்களா சார்?” என்று கேட்டான். கடைசி வரிசையில் ஒரு மாணவி யாரையும் பார்க்காமல் புத்தகத்தையே பார்த்துக் கொண்டிருந்தாள். ஒரே பாடம் ஒருவனுக்குக் கர்வம், ஒருவனுக்குக் கோபம், ஒருத்திக்கு அவமானம். அன்று முதல் கேள்வியை மாற்றிக் கொண்டேன். ‘அவர்கள் யார்?’ என்று கேட்பதை விட்டேன். ‘அவர்கள் என்ன செய்தார்கள்? எது தடுத்தது? நீ அங்கே இருந்திருந்தால் என்ன செய்திருப்பாய்?’ என்று கேட்டேன். தாத்தா காலத்தில் நடந்ததற்கு நீ பொறுப்பில்லை, இன்று நீ செய்வதற்கு நீதான் பொறுப்பு என்று சொன்னேன். பிள்ளைகள் புரிந்து கொண்டார்கள்.

“சாதி இல்லைன்னு சொல்றீங்க, அப்ப சாதிச் சான்றிதழ் எதுக்கு சார்?” என்றும் கேட்பார்கள். அந்தக் கேள்வியை அதட்டி அடக்காதீர்கள். காய்ச்சலை அளக்கும் கருவி காய்ச்சலை உண்டாக்குவதில்லை என்று சொல்லுங்கள். சென்னை மாகாணத்து இடஒதுக்கீட்டு ஆணை நீதிமன்றத்தில் செல்லாமல் போனதும், அதையொட்டி 1951இல் அரசமைப்புச் சட்டத்தில் முதல் திருத்தம் வந்ததும் நம் மண்ணோடு தொடர்புள்ள வரலாறு. அதைச் சொல்லுங்கள். சான்றிதழ் பெருமையும் இல்லை, இழிவும் இல்லை. தடுக்கப்பட்ட வாய்ப்பைக் கேட்டுப் பெறுவதற்கான தாள்.

வகுப்பறையில் நாளைக்கே செய்யக்கூடிய சில காரியங்களையும் சொல்லி முடிக்கிறேன். உதவித்தொகை விவரங்களை வகுப்பில் வாசிக்க வேண்டாம். தலைமையாசிரியர் அறையில் தனித்தனியே கேளுங்கள். கூட்டுவது, தண்ணீர் எடுப்பது போன்ற வேலைகளை வரிசை எண்படி எல்லாருக்கும் சுழற்சியில் கொடுங்கள்; யார் வாளியைத் தூக்குகிறார்கள் என்பதைப் பிள்ளைகள் கவனித்துக் கொண்டே இருக்கிறார்கள். உட்காரும் இடத்தை வாரம் ஒருமுறை மாற்றுங்கள். சாப்பிடும் இடத்தையும் கவனியுங்கள். புதிதாகச் சேர்ந்த பிள்ளையிடம் “எந்தத் தெரு?” என்று கேட்பதற்கு முன் எதற்காகக் கேட்கிறோம் என்று நம்மை நாமே ஒருமுறை கேட்டுக் கொள்வோம். அந்தக் கேள்வி பல நேரம் முகவரிக்காக இருப்பதில்லை. ஆசிரியர் அறையில் நாம் பேசுவதும் சுவரைத் தாண்டிப் பிள்ளைகளுக்குக் கேட்கும்.

அன்று நான் எழுப்பி நிறுத்திய ஏழாவது மாணவன் அந்த ஆண்டோடு வேறு பள்ளிக்குப் போய்விட்டான். நான்தான் காரணமா, தெரியாது. மன்னிப்புக் கேட்க அவனை நான் பிறகு சந்திக்கவே இல்லை. அதனால்தான் உங்களிடம் சொன்னேன். நாளைக் காலை உங்கள் கையிலும் ஏதோ ஒரு பட்டியல் இருக்கும், மாலைக்குள் கேட்டிருப்பார்கள். வகுப்பில் நுழையும் முன் அந்தப் பையனை ஒரு நொடி நினைத்துக் கொள்ளுங்கள்.