காதல் கதையும் குசினி மணிக்கூடும்

காதலைக் கதையாக்குவது பற்றிச் சில கருத்துகளை இன்று உங்களோடு பகிர்ந்துகொள்ள விரும்புகின்றேன்.

அண்மையில் எனது உயர்தர வகுப்பு மாணவன் ஒருவன் சிறுகதையொன்று எழுதி வந்தான. அவளுக்கு நிலவு முகம், மான் விழி. அவன் கண்டதும் காதல் கொண்டான். பெற்றோர் எதிர்த்தனர், இருவரும் நஞ்சருந்தினர். "தம்பி, அந்தப் பிள்ளை காலையில் எழும்பி என்ன செய்வாள்? அவனிடம் அவளுக்குப் பிடிக்காதது என்ன?" என்று கேட்டேன். பதில் இல்லை. எழுதியவனுக்கே அறிமுகமில்லாத இருவர் இறந்தால் வாசகன் ஏன் கலங்க வேண்டும்?

நமது அகமரபு இதனை நன்குணர்ந்திருந்தது. ஐந்திணைகளின் உரிப்பொருளை எண்ணிப் பாருங்கள். புணர்தல் குறிஞ்சிக்கு மட்டுமே உரியது. இருத்தல், ஊடல், இரங்கல், பிரிதல் என்னும் ஏனைய நான்கும் கூடியிருக்கும் இன்பத்துக்கு நேரும் இடையூறுகளையே பேசுகின்றன. அம்மாந்தரின் உணவும் தொழிலும் கருப்பொருளாய் உடன்வருகின்றன.

செங்கை ஆழியானின் 'வாடைக்காற்று' நாவலைப் பாருங்கள். 1978 இல் அது திரைப்படமாகவும் வெளிவந்தது. வாடைக் காலத்தில் நெடுந்தீவுக்கு வந்து, வாடியமைத்து மீன்பிடிக்கும் தொழிலாளர் அதன் மாந்தர். பருவம் முடிந்தால் திரும்பவேண்டியவர்கள். ஆகவே அங்கு அரும்பும் காதலுக்குத் தொடக்கத்திலேயே ஒரு காலக்கெடு விழுந்துவிடுகின்றது. அது அவர்களின் தொழிலிலிருந்தே பிறந்த தடை.

மாணவனிடம், "உனக்குத் தெரிந்த காதலொன்றைச் சொல்" என்றேன். அவனுடைய தந்தையார் கட்டாரில் வேலை செய்கிறார்.

"எங்கட குசினி மணிக்கூடு இரண்டரை மணித்தியாலம் பிந்தித்தான் ஓடும் சேர். அம்மா அதைக் கட்டார் நேரத்துக்கு வைச்சிருக்கிறா. அப்பா இப்ப சாப்பிட்டிருப்பாரோ எண்டு பார்க்கிறதுக்கு" என்று சிரித்துக்கொண்டே சொன்னான். பிறகு, "அதுவும் காதலே சேர்?" என்று கேட்டான்.

18 ஆண்டுகளாக முல்லைத்திணை கற்பித்துவரும் எனக்கும் உடனே விடை வரவில்லை. தலைவி காத்திருப்பதைக் கரும்பலகையில் எழுதிய நான், அவளை அவனது வீட்டுக் குசினியில் காணத் தவறியிருந்தேன்.

அவன் அதையே எழுதினான். ஓரிடத்திலும் காதல் என்ற சொல் இல்லை. படித்து முடித்தபோது, அடுத்த பாடவேளைக்கு மணி அடித்ததையும் நான் கவனிக்கவில்லை.

இளம் எழுத்தாளர்களுக்கு ஒன்று கூறுவேன். உங்கள் கதையிலுள்ள காதல் என்ற சொல்லையெல்லாம் அடித்துவிட்டு மீண்டும் வாசியுங்கள். அதன் பின்னும் அந்த இருவரின் அன்பு வாசகனுக்குப் புலப்படுமாயின், நீங்கள் எழுதியது காதல் கதைதான்.