பாதி உடம்பு வேண்டாம், பட்டா வேண்டும்

(வேங்கிக்காலில் நடந்த கூட்டத்தில் பேசியது)



பக்கத்திலுள்ள திருவண்ணாமலைக் கோயிலில் கார்த்திகை தீபத்தன்று அர்த்தநாரீசுவரர் என்ற விக்கிரகத்தைத் தூக்கிவந்து காட்டுகிறார்கள். சிவன் தன் உடம்பில் பாதியைப் பெண்சாதிக்குக் கொடுத்தாராம்! அதைப் பார்த்துக் கன்னத்தில் போட்டுக்கொள்ளும் ஆண்பிள்ளையை நாம் கேட்கிறோம்: உன் பெண்சாதி பேரில் அரைக்காணியாவது உண்டா? நாற்று நடுகிறவள் அவள், களை பறிக்கிறவள் அவள், பட்டாவில் மாத்திரம் உன் பேரா?

பெண்ணுக்கு ஆணைப்போலவே சொத்துரிமை வேண்டுமென்று 1929-ல் செங்கற்பட்டு சுயமரியாதை மகாநாட்டில் தீர்மானம் செய்யப்பட்டது. குடும்பச் சொத்தில் மகளுக்குச் சமபங்கு என்ற சட்டம் தமிழ்நாட்டில் 1989-ல்தான் வந்தது. இந்தியா முழுமைக்கும் 2005-ல்தான்.

சரி, தகப்பனுக்கே நிலமில்லாத பெண் என்ன செய்வாள்? அதற்கும் வழி காட்டப்பட்டிருக்கிறது. பழைய தஞ்சை ஜில்லா கீழ்வெண்மணியில், 1968 டிசம்பர் 25-ந்தேதி இரவு, கூலி உயர்வு கேட்ட கூலிக்காரர் குடும்பங்களில் 44 பேர் குடிசையில் கொளுத்தப்பட்டார்கள். அவர்களில் பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளுமே. அந்தக் கொடுமைக்குப் பின் அங்கே சென்று வேலை செய்தவர், தாழ்த்தப்பட்ட வகுப்பில் பிறந்த கிருஷ்ணம்மாள் ஜெகந்நாதன். 1981-ல் அவரும் அவர் துணைவரும் 'லாப்டி' என்ற சங்கத்தைத் துவக்கினார்கள். மிராசுதாரிடம் விலை பேசி, பாங்கியில் கடன் வாங்கி, தலைக்குச் சுமார் ஒரு ஏக்கர் வீதம் பெண்கள் பேரிலேயே பதிவு செய்தார்கள். 10,000 குடும்பங்களுக்கு மேல் நிலம் பெற்றன. நிலத்தோடு நிற்காமல் செங்கல் அறுத்தல், பாய் நெய்தல் முதலிய தொழில்களும் நடந்தன.

ஏன் பெண் பேரில்? ஆண் பேரில் இருந்தால் சாராயக் கடையில் ஒரு கைநாட்டோடு நிலம் போய்விடும். பெண் பேரில் இருந்தால் அவள் சம்மதியாமல் விற்க முடியாது. அடித்துத் துரத்த நினைக்கிறவனும், துரத்தினால் தனக்குச் சோறு எங்கே என்று யோசிப்பான்.

அந்த அம்மையார் காந்தியார் வழியினர், கடவுள் நம்பிக்கையுள்ளவர். அந்த நம்பிக்கையில் நமக்குப் பங்கில்லை. ஆனால் நிலம் வானத்திலிருந்து விழவில்லை. கடனாலும் பத்திரத்தாலும் உழைப்பாலும் வந்தது. அந்தக் காரியத்தை நாம் மனமாரப் பாராட்டுகிறோம்.

தாய்மார்களே! கலெக்டர் ஆபீஸ் இவ்வூரிலேயே இருக்கிறது. திங்கட்கிழமை தோறும் மனு வாங்குகிறார்கள். 14 கிலோமீட்டர் மலை சுற்றுகிற கால்களுக்கு இந்த ஆபீஸ் தூரமா? தனியாகப் போகாதீர்கள், பத்துப் பேராகச் சேர்ந்து போய், உங்கள் பேரில் பட்டா கேளுங்கள். ஆண்களே! உங்கள் நிலத்தில் பெண்சாதி பேரையும் மகள் பேரையும் சேர்த்துவிட்டு, பிறகு எங்கள் மேடைக்கு வந்து பெண் விடுதலை பேசுங்கள்.