வடசென்னைக் கரையும் உலக அரசியல் நூல்களும்



உலகப் பாதுகாப்பு, நாடுகளுக்கிடையேயான உறவு என்னும் பொருள்கள் தலைநகரங்களில் இருப்போர்க்கு உரியவை. வண்ணாரப்பேட்டையில் தமிழ் நூல் பயில்வோர்க்கு அவற்றோடு என்ன தொடர்பு என்னும் வினா எழலாம். விடை இவ்வூரின் பெயரிலேயே உள்ளது. கிழக்கிந்தியக் கம்பெனி கடல் கடந்து அனுப்பிய துணிகளை வெளுத்துக் கொடுத்த தொழிலாளர் குடியிருந்த இடமே வண்ணாரப்பேட்டை. இங்கு வெளுத்த துணியை ஐரோப்பாவில் உடுத்தினர். உலக வாணிகம் இவ்வூருக்குப் புதிதன்று. அவ்வாணிகத்தால் விளைந்த போர்களும் புதியன அல்ல.

1746ஆம் ஆண்டு செப்டம்பரில் பிரெஞ்சுக்காரர் சென்னைக் கோட்டையைக் கைப்பற்றினர். 1748இல் ஐரோப்பாவின் எக்ஸ்-லா-ஷப்பேல் நகரில் ஓர் உடன்படிக்கை கையெழுத்தாயிற்று. அதன்படி, வட அமெரிக்காவில் ஆங்கிலேயர் பிடித்திருந்த லூயிபூர்க் கோட்டை பிரான்சுக்குத் திரும்பியது; அதற்கு ஈடாகச் சென்னை ஆங்கிலேயர் கைக்கு மீண்டது. கனடாவின் பனிக்கரையில் இருந்த ஒரு கோட்டைக்கு மாற்றாகச் சோழமண்டலக் கரையின் ஒரு நகரம் கொடுக்கப்பட்டது. சென்னையில் வாழ்ந்தோரை எவரும் கேட்கவில்லை. கோட்டையை ஒட்டியிருந்த பழைய கறுப்பர் நகரம் அக்காலப் போர்களின் விளைவாக இடிக்கப்பட, மக்கள் வடக்கே நகர்ந்தனர். இன்றைய ஜார்ஜ் டவுன் அவ்வாறு வளர்ந்ததே.

இச்செய்தியை உடன்படிக்கையில் மட்டும் படித்தால் அரசர்களின் கணக்குத் தெரியும். மக்களின் கணக்குத் தெரியாது. அதற்கு உதவும் நூல் தமிழில் உண்டு. அது ஆனந்தரங்கப் பிள்ளை நாட்குறிப்பு. பிள்ளை 1709இல் பெரம்பூரில் பிறந்தவர்; புதுச்சேரியில் டூப்ளே துரையின் துபாஷியாக இருந்தவர். 1736 முதல் 1761 வரை அவர் எழுதி வைத்த குறிப்புகளில் கப்பல் வரவு, சரக்கு விலை, அரண்மனைச் சூழ்ச்சி, கோட்டை முற்றுகை அனைத்தும் பேச்சுத் தமிழிலேயே பதிவாகியுள்ளன. நாடுகளுக்கிடையேயான உறவைப் பயில விரும்பும் தமிழர் முதலில் கையில் எடுக்க வேண்டிய நூல் இதுவே எனலாம்.

இங்கிருந்து ஒரு படிப்பு முறை கிடைக்கிறது. அரசுகள் எழுதும் ஆவணம் ஒன்றைப் படிக்கும்போது, அவ்வாவணத்தால் வாழ்வு மாறியோர் எழுதிய நூல் ஒன்றையும் உடன் படிக்க வேண்டும். ‘பாதுகாப்பு’ என்னும் சொல் வருமிடமெல்லாம் ‘யாருக்குப் பாதுகாப்பு?’ என்று வினவ வேண்டும். இன்று இங்குப் பரிந்துரைக்கப்படும் நூல்கள் யாவும் இந்த ஒரு வினாவைச் சுற்றியே அமைகின்றன.

எம்டன் என்னும் சொல்

1914ஆம் ஆண்டு செப்டம்பர் 22ஆம் நாள் இரவு, ஜெர்மானியப் போர்க்கப்பல் எம்டன் சென்னைத் துறைமுகத்தின்மேல் நூற்றுக்கு மேற்பட்ட குண்டுகளை வீசிச் சென்றது. துறைமுகத்தருகே இருந்த பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகள் தீப்பற்றி எரிந்தன. உயிர்ச்சேதம் சிறிது, அச்சமோ பெரிது. பலர் நகரை விட்டு வெளியேறினர். அவ்வாண்டு நவம்பர் 9ஆம் நாள் கோகோஸ் தீவருகே ஆஸ்திரேலியக் கப்பலான சிட்னி அதனைத் தாக்கி அழித்தது. கப்பல் அழிந்தது; சொல் அழியவில்லை. ‘அவன் சரியான எம்டன்’ என்று இன்றும் தமிழர் பேசுகின்றனர். ஐரோப்பியப் போர் ஒன்று தமிழ் அகராதிக்குக் கொடுத்த சொல் இது.

எம்டனில் செண்பகராமன் பிள்ளை வந்தார் என்னும் கதையும் பரவலாக வழங்குகிறது. அதற்கு உறுதியான சான்று கிடைக்கவில்லை. விரும்பிய கதையையும் சான்று கேட்டே ஏற்க வேண்டும் என்பது உலக அரசியல் பயில்வோர்க்கு இன்றியமையாத ஒழுக்கம். போர்க்காலத்தில் முதலில் பரவுவது வதந்தியே என்பதை 1914இன் சென்னையே காட்டும்.

சர்மாவும் பர்மாவும்

உலக அரசியலைத் தமிழில் எழுத முடியுமா என்று ஐயுறுவோர்க்கு வெ. சாமிநாத சர்மாவின் வாழ்வு விடை கூறும். 1895இல் பிறந்து 1978இல் மறைந்த இவர், திரு.வி.க.வின் ‘தேசபக்தன்’, ‘நவசக்தி’ இதழ்களில் பயின்றவர். பின்னர் இரங்கூன் சென்று ‘ஜோதி’ என்னும் இதழை நடத்தினார். முசோலினி, ஹிட்லர், அபிசீனியா, ஸ்பெயின், செக்கோஸ்லோவேகியா, பாலஸ்தீனம், சீனா எனச் செய்தித்தாள்களில் அன்று அடிபட்ட பெயர்கள் பலவற்றுக்கும் அவர் தமிழில் நூல் செய்தார். பிளேட்டோவின் அரசியல் நூலையும், ரூசோவின் சமுதாய ஒப்பந்தத்தையும் தமிழாக்கினார். ஆங்கிலம் அறியாத ஒரு தொழிலாளி, ஐரோப்பா எந்தத் திசையில் செல்கிறது என்பதைத் தமிழிலேயே அறிந்துகொள்ள வழி செய்தவர் அவர்.

உலகப் போரைப் பற்றி எழுதிய அவரையே அப்போர் வீதிக்குக் கொண்டுவந்தது. 1941 டிசம்பரில் இரங்கூன் மீது ஜப்பானியர் குண்டு வீசினர். 1942 மார்ச்சில் அந்நகர் வீழ்ந்தது. இலட்சக்கணக்கான இந்தியர் மலையும் காடும் கடந்து கால்நடையாகத் தாயகம் திரும்ப முயன்றனர். பசியாலும் காலராவாலும் மலேரியாவாலும் வழியில் மாண்டோர் பல்லாயிரவர். அவ்வழியில் மனைவியோடு வந்தவர்களுள் சர்மாவும் ஒருவர். அவருடைய ‘பர்மா வழி நடைப் பயணம்’ அக்கதையைக் கூறுகிறது. போர் வரலாற்று நூல்கள் படைகளின் பின்வாங்கலை விரித்துரைக்கும். அப்படைகள் காக்காது விட்டோரின் நடையைச் சர்மாவின் நூல் உரைக்கும். இரண்டையும் சேர்த்துப் படிக்கும்போதே 1942 முழுமை பெறுகிறது. இதனோடு, தென்கிழக்காசியத் தமிழரின் போர்க்கால வாழ்வைச் சொல்லும் ப. சிங்காரத்தின் ‘புயலிலே ஒரு தோணி’ நாவலையும் வைத்துப் படிக்கலாம்.

பர்மாவின் கதை 1942இல் முடியவில்லை. 1962இல் நே வின் ஆட்சியைக் கைப்பற்றினார். அடுத்த ஈராண்டுகளில் வங்கிகளும் கடைகளும் அரசுடைமையாயின. கப்பல்களில் வந்திறங்கிய தமிழர் வியாசர்பாடியிலும் எண்ணூரிலும் குடியமர்ந்தனர். கடற்கரை இரயில் நிலையத்தருகே பர்மா பஜாரை உருவாக்கினர். இன்று அத்தோ உண்போர் பலர்க்கு, அவ்வுணவு எந்த அரசாணையால் இக்கரைக்கு வந்தது என்பது தெரியாது.

ஒப்பந்தத்தில் எண்ணாகியோர்

பர்மாத் தமிழர் கப்பலேறிய அதே 1964இல் இலங்கைத் தமிழருள் ஒரு பகுதியினரின் தலைவிதியும் எழுதப்பட்டது. அவ்வாண்டு அக்டோபர் 30ஆம் நாள் ஒப்பமிடப்பட்ட சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தம் 9,75,000 மலையகத் தமிழரைப் பற்றியது. 5,25,000 பேரை இந்தியா ஏற்பது, 3,00,000 பேர்க்கு இலங்கை குடியுரிமை தருவது, எஞ்சிய 1,50,000 பேரைப் பற்றிப் பின்னர் முடிவு செய்வது என்று அது வகுத்தது. எஞ்சியோரை 1974இல் இரு நாடுகளும் சரிபாதியாகப் பங்கிட்டன. தேயிலைத் தோட்டத்தில் பிறந்து வளர்ந்த ஒருவர் எந்தப் பங்கில் விழ விரும்பினார் என்பது ஒப்பந்த எண்களில் இல்லை. இரு நாடுகளின் நல்லுறவுக்கு அது தேவையாக இருந்திருக்கலாம். எனினும் அந்நல்லுறவின் விலையை யார் கொடுத்தனர் என்பதையும் வாசகர் அறிய வேண்டும். 1947இல் இலங்கை நாடாளுமன்றத்துக்குத் தேர்வான மலையக எழுத்தாளர் சி.வி. வேலுப்பிள்ளையின் ‘நாடற்றவர் கதை’ இவ்வொப்பந்தத்தோடு உடன் படிக்கத்தக்கது.

கொள்கை நூல்கள்

வாழ்வு நூல்கள் மட்டும் போதா. கொள்கை நூல்களும் வேண்டும். கிரேக்க நாட்டுத் துசிடிடீஸ் எழுதிய போர் வரலாற்றில் மெலோஸ் தீவினர் ஏதென்ஸின் தூதரோடு வாதிடும் பகுதி ஒன்று உண்டு. வலியோரிடம் மெலியோர் நீதி பேசினால் என்ன நேரும் என்பதை அப்பகுதி ஈவிரக்கமின்றிக் காட்டும். ஈ.எச். கார் 1939இல் எழுதிய ‘இருபதாண்டு நெருக்கடி’, மார்கெந்தாவின் 1948ஆம் ஆண்டு நூல், இந்தியப் பெருங்கடலைப் பற்றிக் கே.எம். பணிக்கர் 1945இல் எழுதிய நூல் ஆகியன அடுத்த படிகள். நேரு சிறையிலிருந்து மகளுக்கு எழுதிய உலக வரலாற்றுக் கடிதங்கள் தொடக்க வாசகர்க்கு ஏற்றவை. ஐக்கிய நாடுகள் சாசனமும் படிக்கவேண்டிய ஆவணமே. 1945 ஜூனில் அதில் இந்தியாவின் சார்பில் ஒப்பமிட்டவர் ஆற்காடு இராமசாமி முதலியார். நாடு அப்போது விடுதலை பெற்றிருக்கவில்லை என்பது ஈண்டு எண்ணத்தக்கது.

தமிழ் மரபிலும் இத்துறைக்கு வேர் உண்டு. அதியமானுக்காக ஔவையார் தொண்டைமானிடம் தூது சென்றதும், நலங்கிள்ளி, நெடுங்கிள்ளி பகையைத் தணிக்கக் கோவூர் கிழார் பாடியதும் புறநானூறு தரும் செய்திகள். தூதுக்கும் ஒற்றுக்கும் அரணுக்கும் தனித்தனி அதிகாரம் வகுத்த வள்ளுவர், நாடு என்னும் அதிகாரத்தில் ஒரு நாட்டைச் சேரக்கூடாதனவாகப் பசியையும் பிணியையும் முதலில் வைத்துப் பகையை மூன்றாவதாக வைத்தார். ஐக்கிய நாடுகள் வளர்ச்சித் திட்டத்தின் 1994ஆம் ஆண்டு மனித மேம்பாட்டு அறிக்கை, பாதுகாப்பு என்பது எல்லைக்காவல் மட்டுமன்று, உணவும் உடல்நலமும் அதனுள் அடங்கும் என விரித்துரைத்தது. அவ்வறிக்கையை அந்த அதிகாரத்தோடு வைத்துப் படிப்பது பயனுடைய பாடமாகும்.

நிறைவுரை

சர்மாவின் நூல்கள் நாட்டுடைமையாக்கப்பட்டவை. எவரும் மறுபதிப்புச் செய்யலாம். கன்னிமாரா நூலகத்தில் ஏனைய பலவும் கிடைக்கும். ஒரு திங்கள் கூட்டத்தில் ஓர் ஒப்பந்தம், மறு திங்களில் அதனால் வாழ்வு மாறியோரின் நூல் என்று பதினொன்றாம் ஆண்டை இவ்வட்டம் வகுத்துக்கொள்ளலாம்.

இன்னும் எழுதப்படாத நூல் ஒன்றும் உள்ளது. 1964இல் இரங்கூன் துறைமுகத்தில் பத்து வயதில் கப்பலேறிய சிறுவர் இன்று எழுபதைக் கடந்த முதியவர். வியாசர்பாடியிலும் எண்ணூரிலும் அத்தகையோர் இன்னும் இருக்கின்றனர். அவர்கள் கொண்டுவந்தது என்ன, துறைமுகத்தில் பறிகொடுத்தது என்ன என்று கேட்டு எழுதி வைக்க ஒரு குறிப்பேடும் சில மாலைப்பொழுதுகளும் போதும். பெரம்பூரில் பிறந்த ஒருவர் நாள்தோறும் எழுதி வைத்ததால்தான் 1746ஆம் ஆண்டு தமிழில் இன்றும் பேசுகிறது. 1964ஆம் ஆண்டும் அவ்வாறு பேச வேண்டுமாயின், அதற்கு எஞ்சியுள்ள காலம் சிறிது.