வரி கட்டுகிறவன் யார்? பேராசிரியர் இராஜா செல்லையாவின் ஆய்வும் நமது தீவும்

(நமது சங்கத்தின் மாதாந்திரக் கூட்டத்தில் ஆற்றிய உரை. உறுப்பினர்கள் கேட்டுக்கொண்டபடி இங்கே வெளியிடப்படுகிறது.)



சென்ற வாரம் கொத்து வேலை செய்யும் தம்பி ஒருவர் என் வீட்டுக்கு வந்தார். மழைக்கு முன்னால் கூரை மாற்றத் தகரம் வாங்கியிருந்தார். கையில் கடைச்சீட்டு. "அண்ணே, நான் கூலிக்காரன். வருமான வரி கட்டுறவன் இல்லை. அப்புறம் இந்தச் சீட்டுல வரின்னு ரெண்டு தடவை போட்டுப் பணம் வாங்கியிருக்கானே, கடைக்காரன் ஏமாத்திட்டானா?" என்று கேட்டார்.

கடைக்காரர் ஏமாற்றவில்லை. ஒன்று நடுவண் அரசின் வரி; மற்றொன்று ஒன்றியப் பகுதியின் பெயரில் வாங்கும் வரி. ஆனால் அந்தத் தம்பியின் கேள்வி சாதாரணக் கேள்வியல்ல. "வரியை எழுதிக் கட்டுகிறவன் ஒருவன், அதைச் சுமக்கிறவன் வேறொருவன். அப்படியானால் உண்மையில் வரி கட்டுகிறவன் யார்?" என்ற அந்த ஒரே கேள்வியைச் சுற்றித்தான் பொது நிதி என்ற ஒரு பெரிய படிப்பே எழுந்திருக்கிறது. அந்தப் படிப்பில் இந்தியாவில் முதல் வரிசையில் வைத்து எண்ணப்படுகிறவர் ஒரு தமிழர். அவர் பெயர் இராஜா ஜேசுதாஸ் செல்லையா. அவரைப் பற்றித்தான் இன்று பேச எடுத்துக்கொண்டேன்.

முதலில் ஒரு ஜெர்மானியரைப் பற்றி இரண்டு வார்த்தை. ரிச்சர்டு மஸ்கிரேவ் என்பவர் 1910இல் ஜெர்மனியில் பிறந்தார். ஹைடல்பர்க்கில் படித்தார். 1933இல், இட்லர் ஆட்சிக்கு வந்த அதே ஆண்டில், அமெரிக்காவுக்குப் போனார். அங்கேயே வாழ்ந்து 2007இல் மறைந்தார். நம்மைப் போலக் கடல் கடந்து போய் வாழ்ந்த மனிதர். அவர் 1959இல் எழுதிய பொது நிதிக் கோட்பாடு என்ற நூல் உலகெங்கும் பாடநூலானது. அரசாங்கத்தின் வரவு செலவுக்கு மூன்று வேலைகள் உண்டு என்று அவர் வகுத்தார். சந்தை தராத சாலை, கலங்கரை விளக்கம் போன்ற பொதுப் பொருள்களைத் தருவது ஒன்று. உள்ளவனுக்கும் இல்லாதவனுக்கும் நடுவே உள்ள பள்ளத்தைக் குறைப்பது இரண்டு. விலை ஏறாமலும் வேலை குறையாமலும் நாட்டைக் காப்பது மூன்று. இந்த மூன்றையும் மனத்தில் வைத்துக்கொண்டால் எந்த நிதிநிலை அறிக்கையையும் நாம் எடை போடலாம்.

மஸ்கிரேவின் நூல் வந்த மறு ஆண்டு, 1960இல், செல்லையாவின் நூல் வந்தது. வளர்ச்சி குன்றிய நாடுகளின் நிதிக் கொள்கையை, இந்தியாவை முன்னிறுத்தி ஆராய்ந்த நூல் அது. பணக்கார நாட்டுக்கு எழுதிய மருந்துச் சீட்டை ஏழை நாட்டுக்கு அப்படியே கொடுக்கலாமா என்பதுதான் அதற்குள் இருக்கும் கேள்வி. பெரும்பாலோர் வயலிலும் கடலிலும் வேலை செய்து, கையில் வாங்கி வாயில் போடும் நாட்டில் வரியை எங்கே போடுவது, எப்படி வசூலிப்பது?

செல்லையா 1922இல் பிறந்தவர். அமெரிக்காவில் பிட்ஸ்பர்க் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் பெற்றார். நாடு திரும்பிப் பேராசிரியராகப் பணியாற்றினார். பின்பு சர்வதேச நிதியத்தில் வேலை பார்த்தார். அங்கே இருந்தபோது 1971இல் வளரும் நாடுகளின் வரி முயற்சியை அளக்கும் ஆய்வு ஒன்றை வெளியிட்டார். ஒரு நாடு எவ்வளவு வரி வசூலிக்கிறது என்று மட்டும் பார்க்கக்கூடாது. அதன் வசதிக்கு எவ்வளவு வசூலித்திருக்க முடியும் என்பதையும் பார்க்கவேண்டும் என்பது அதன் சாரம். பத்து மூட்டை தூக்கக்கூடிய பயில்வான் ஐந்து தூக்கினால் அவன் சோம்பேறி. மூன்று தூக்கக்கூடிய நோஞ்சான் மூன்றும் தூக்கினால் அவன் உழைப்பாளி. நாடுகளை அவர் அப்படி அளந்தார். பின்னாளில் நம் மாநிலங்களையும் அப்படியே அளந்தார்.

1976இல் டில்லியில் பொது நிதி மற்றும் கொள்கைக்கான தேசிய நிறுவனம் தொடங்கப்பட்டபோது அதன் முதல் இயக்குநர் அவர்தான். அங்கிருந்து 1978இல் ராம் என். லால் என்பவருடன் சேர்ந்து வெளியிட்ட ஆய்வு நமக்கு மிக நெருக்கமானது. 1973-74ஆம் ஆண்டில் இந்தியக் குடும்பங்கள் செய்த செலவில் மறைமுக வரி எவ்வளவு ஒளிந்திருந்தது என்பதை, ஏழைக் குடும்பம் முதல் பணக்காரக் குடும்பம் வரை படிப்படியாகக் கணக்கிட்டார்கள். சோப்பு, சீனி, மண்ணெண்ணெய், துணி என்று ஒவ்வொன்றிலும் உள்ள வரியைத் தேடி எடுத்தார்கள். கூரைத் தகரத்துக்கு நம் தம்பி கேட்ட கேள்வியை, நாடு முழுவதற்குமாகக் கேட்ட ஆய்வு அது.

தோழர்களே! 1991 வந்தது. அந்நியச் செலாவணி வற்றிப்போய் நாடு தங்கத்தை அடகு வைத்த ஆண்டு. அந்த ஆகஸ்டு மாதம் அரசு வரிச் சீர்திருத்தக் குழுவை அமைத்து, செல்லையாவைத் தலைவராக்கியது. 1991 டிசம்பரில் இடைக்கால அறிக்கை. 1993 தொடக்கத்துக்குள் இறுதி அறிக்கைகள்.

அன்றைய நிலை என்ன? 1973-74இல் வருமான வரியின் உச்ச விகிதம் கூடுதல் வரியுடன் 97.75 விழுக்காடு! நூறு ரூபாயில் இரண்டேகால் ரூபாய்தான் மிச்சம். காகிதத்தில் பார்த்தால் பணக்காரன் ஒழிந்தான் என்று நாம் கைதட்டியிருப்போம். நடந்தது என்ன? பணக்காரன் ஒழியவில்லை, கணக்கு ஒழிந்தது. கறுப்புப் பணம் பெருகியது. விலக்கு, சலுகை, தள்ளுபடி என்று ஆயிரம் ஓட்டைகள். 1991இல் உச்ச விகிதம் 56 விழுக்காடாகக் குறைந்திருந்தும், அந்த ஓட்டைகள் அப்படியேதான் இருந்தன.

செல்லையா குழு சொன்னது எளிமையானது. விகிதத்தை மிதமாக்கு, ஓட்டைகளை அடை, கட்டவேண்டியவர் எல்லாரையும் கட்ட வை. உற்பத்திப் பொருளுக்கு வரி மேல் வரி ஏறாமல், ஏற்கனவே கட்டியதைக் கழித்துக்கொள்ள விடு. மலைபோல் உயர்ந்த இறக்குமதித் தீர்வையைப் படிப்படியாக இறக்கு. சேவைகளுக்கும் வரி போடு. 1992இல் வருமான வரி 20, 30, 40 என்று மூன்று படிகளானது. 1994இல் தொலைபேசி, பொதுக் காப்பீடு, பங்குத் தரகு ஆகிய மூன்றுக்கும் 5 விழுக்காடு சேவை வரி வந்தது. 2017 ஜூலை முதல் நாள் வந்த சரக்கு, சேவை வரிக்கும் விதை அந்தப் பாதையில்தான் இருக்கிறது.

புறநானூற்றில் பிசிராந்தையார் பாண்டியனுக்குச் சொன்ன அறிவுரையை நீங்கள் பள்ளியில் படித்திருப்பீர்கள். சிறு வயலானாலும் அறுத்துக் கவளமாக்கிக் கொடுத்தால் யானைக்குப் பல நாள் வரும். யானையே வயலில் புகுந்தால் தின்றதைவிட மிதித்தது அதிகமாகும். செல்லையா சொன்னதும் ஏறக்குறைய அதுதான்.

"பணக்காரனுக்கு வரியைக் குறைத்தவரையா நமது மேடையில் பாராட்டுகிறாய்?" என்று சில தோழர்கள் கேட்கக்கூடும். நியாயமான கேள்வி. மழுப்பாமல் பதில் சொல்கிறேன். 1990-91இல் நடுவண் அரசின் மொத்த வரி வருவாயில் நேரடி வரியின் பங்கு சுமார் 19 விழுக்காடுதான். விகிதத்தைக் குறைத்த பிறகு அந்தப் பங்கு ஏறிக்கொண்டே வந்து, 2007-08இல் பாதியைத் தாண்டியது. ஆகவே அவர் கணக்கு பொய்யாகவில்லை. ஆனால் மறுபக்கமும் உண்டு. மாநில வரிகளையும் சேர்த்துக் கூட்டினால் மறைமுக வரியே இன்னும் பெரும்பங்கு. விகிதத்தைக் குறைக்கச் சொன்ன யோசனையை அரசுகள் விரைவாக எடுத்துக்கொண்டன. சலுகைகளை ஒழிக்கச் சொன்ன யோசனையை மெதுவாகத்தான் எடுத்துக்கொண்டன. இனிப்பை விழுங்கிவிட்டுக் கசாயத்தைத் தள்ளி வைத்ததுபோல. அந்தக் குறை மருத்துவருடையது அல்ல என்பது என் கருத்து. ஆனால் மருந்து நமக்கு முழுதும் குணம் தரவில்லை என்பதும் உண்மை.

இனி நமது தீவுக்கு வருவோம். 2017 வரை அந்தமான் நிக்கோபாரில் விற்பனை வரியே இல்லை. மாநிலங்களில் வந்த மதிப்புக் கூட்டு வரியும் இல்லை. "வரியில்லாத தீவு" என்று நாம் பெருமை பேசினோம். ஆனால் சென்னையில் கப்பலேறி ஹாடோ துறையில் இறங்கிய ஒவ்வொரு பெட்டிக்குள்ளும் கலால் வரி ஒளிந்திருந்தது. அன்று தெரியாமல் கட்டினோம். இன்று சீட்டில் தெரிந்து கட்டுகிறோம். அந்த அளவுக்கு இது முன்னேற்றம்தான்.

ஆனால் ஒரு கணக்கைப் பாருங்கள். சென்னையில் 100 ரூபாய் விலையுள்ள பொருளுக்கு 18 விழுக்காடு வரி என்றால் 18 ரூபாய். அதே பொருளுக்கு இங்கே வந்து சேரக் கப்பல் கூலி, இறக்கு கூலி 30 ரூபாய் ஆகிறது என்று வைத்துக்கொள்வோம். கடைக்காரர் விலை 130. அதற்கு 18 விழுக்காடு 23 ரூபாய் 40 காசு. கூடுதலான 5 ரூபாய் 40 காசு எதற்கு வரி? கடலுக்கு வரி! விகிதம் எங்கும் ஒன்றுதான், சுமை ஒன்றல்ல. 2022 ஜூலை முதல் 25 கிலோ வரை பொட்டலமிட்டுப் பெயர் ஒட்டிய அரிசிக்கும் 5 விழுக்காடு உண்டு. 2025 செப்டம்பரில் விகிதங்களைக் குறைத்து, சிமெண்டை 28இலிருந்து 18க்கு இறக்கினார்கள்; வரவேற்போம். ஆனால் கடலுக்குக் கட்டும் வரி அப்படியே இருக்கிறது.

சரி, இதை எங்கே போய்ச் சொல்வது? வரி விகிதத்தை முடிவு செய்ய உதவும் மன்றத்தில் ஒவ்வொரு மாநிலத்துக்கும் இடம் உண்டு. சட்டமன்றம் உள்ள புதுச்சேரிக்கும் உண்டு. சட்டமன்றம் இல்லாத நமக்கு இடம் இல்லை. நிதி ஆணையம் மாநிலங்களுக்குப் பங்கு பிரிக்கிறது. செல்லையாவே ஒன்பதாவது நிதி ஆணையத்தின் உறுப்பினராக இருந்தவர். அந்தப் பந்தியில் ஒன்றியப் பகுதிக்கு இலை போடுவதில்லை. நமது வரவு செலவு டில்லியில் உள்துறை அமைச்சகத்தின் கோரிக்கைகளில் ஒன்றாக நிறைவேறுகிறது. 2011 கணக்குப்படி 3 இலட்சத்து 80 ஆயிரம் மக்கள். அவர்களில் ஏறத்தாழ 15 விழுக்காட்டினரின் தாய்மொழி தமிழ். அத்தனை பேருக்கும் நாடாளுமன்றத்தில் ஒரே ஒரு மக்களவை உறுப்பினர். அந்த உறுப்பினரையும் நாம் வாக்களித்துத் தேர்ந்தெடுக்கத் தொடங்கியது 1967இல்தான். அன்று வென்ற கே.ஆர். கணேஷ் பிற்பாடு நடுவண் நிதியமைச்சகத்திலேயே இணையமைச்சராக அமர்ந்தார் என்பதையும் மறக்கவேண்டாம். சிறு தீவின் குரலும் பெரிய அறைக்குள் போகமுடியும் என்பதற்கு அது சாட்சி.

இந்தச் சபையில் கச்சல் தீவின் ரப்பர்த் தோட்டத்துக்கு வந்த குடும்பங்களின் பிள்ளைகளும் இருக்கிறீர்கள். உங்களுக்கு நான் புதிதாகச் சொல்ல வேண்டியதில்லை. உங்கள் பாட்டன் பாட்டி பறித்த தேயிலைக்கு இலங்கை அரசு ஏற்றுமதித் தீர்வை வாங்கிக் கருவூலத்தை நிரப்பியது. அதே அரசு 1948இன் குடியுரிமைச் சட்டத்தால் அவர்களை நாடற்றவர்கள் ஆக்கியது. வரி வேண்டும், வாக்கு வேண்டாம் என்றது. வரிக்கும் வாக்குக்கும் உள்ள உறவை உங்களைவிட நன்றாக அறிந்தவர் யார்?

ஆகவே என்ன செய்வது? மூன்று சொல்கிறேன். ஒன்று, கடைச்சீட்டைக் கேட்டு வாங்குங்கள், கிழித்தெறியாதீர்கள். குடும்பத் தலைவிகள் மூன்று மாதச் சீட்டைச் சேர்த்துக் கொண்டுவந்தால், நமது குடும்பங்கள் கட்டும் வரியை நாமே கணக்கிடலாம். செல்லையா பெரிய அளவில் செய்ததை நாம் சிறிய அளவில் செய்வோம். கப்பல் கூலியின் மீது விழும் வரிக்கு நிவாரணம் கேட்கும்போது கையில் அந்தக் கணக்கு இருக்கவேண்டும். கண்ணீரைத் தள்ளிவிடுவார்கள்; கணக்கைத் தள்ளமுடியாது.

இரண்டு, கட்டடம் கட்டுகிறவர்கள் செலவில் 1 விழுக்காடு தீர்வை கட்டவேண்டும் என்பது 1996 முதல் சட்டம். 2025 நவம்பரில் நடைமுறைக்கு வந்த சமூகப் பாதுகாப்புத் தொகுப்பிலும் கட்டடத் தீர்வை தொடர்கிறது. அந்தப் பணம் கட்டடத் தொழிலாளியின் நலனுக்கே உரியது. 18 முதல் 60 வயதுக்குள் இருந்து, கடந்த 12 மாதத்தில் 90 நாள் வேலை செய்தவர் பதிவு செய்துகொள்ளலாம். பதியாதவனுக்கு அதில் ஒரு காசும் வராது. தகரத்துக்கு வரி கட்டிய நம் தம்பி இன்னும் பதியவில்லை! இங்கே உட்கார்ந்திருக்கிறவர்களில் எத்தனை பேர் பதிந்திருக்கிறீர்கள்? கூட்டம் முடிந்ததும் செயலாளரிடம் பெயர் கொடுங்கள்.

மூன்று, ஓட்டுக் கேட்டு வருகிறவரிடம் மஸ்கிரேவின் மூன்றையும் கேளுங்கள். எங்கள் வரியால் எந்தப் பொதுப்பொருள் வந்தது? இல்லாதவனுக்கு என்ன வந்தது? விலையும் வேலையும் என்ன ஆயிற்று? இந்த மூன்றுக்கும் பதில் இல்லாதவருக்கு நம்மிடமும் பதில் இல்லை.

செல்லையா சென்னைப் பொருளியல் கல்விக்கூடத்தை உருவாக்கினார். முதுமையிலும் வறுமையைப் பற்றியும், சுற்றுச்சூழலைக் கெடுக்கும் பொருள்களுக்கு வரி போடுவதைப் பற்றியும் ஆராய்ந்தார். 2007இல் பத்ம விபூஷண் விருது பெற்றார். 2009 ஏப்ரலில் சென்னையில் மறைந்தார். அவர் முழக்கமிட்ட தலைவர் அல்லர். கணக்குப் போட்ட அறிஞர். அவர் சொன்ன எல்லாவற்றையும் நாம் ஒப்புக்கொள்ள வேண்டியதில்லை. ஆனால் வரியைச் சுமக்கிறவன் யார் என்று கண்டுபிடிக்கும் வழியை அவர் காட்டியிருக்கிறார். கண்டுபிடித்த பிறகு, சுமக்கிறவனுக்குப் பேச உரிமை உண்டு என்று வாதாடவேண்டியது நம் வேலை.