ஊவாவின் போர்க்களங்கள்

(பதுளையில் நிகழ்ந்த கூட்டமொன்றில் ஆற்றப்பட்ட சொற்பொழிவு)



போர்க்களம் என்றதும் நம்மவர் நினைவு கலிங்கத்துக்கும் தலையாலங்கானத்துக்கும் ஓடுகின்றது. கடல் கடந்த சரித்திரம் நமக்கு மனப்பாடம். ஆனால் நாம் நாள்தோறும் கொழுந்து பறிக்கும் இந்த மலைகளின் அடிவாரத்தில், நாம் பஸ்ஸேறிக் கடந்து செல்லும் பிபிலையிலும் பரணகமவிலும் வெல்லவாயவிலும், என்ன நடந்தது என்று கேட்டால் விழிக்கின்றோம். இருநூறு ஆண்டுகளாக ஒரு மண்ணில் வாழ்கிற மக்கள் அந்த மண்ணின் கதையை அறியாதிருப்பது நன்றன்று. அறியாமையினால் நமக்கு நேர்ந்த நஷ்டத்தைப் பின்னர் சொல்கின்றேன்.

முதலில் ரந்தெனிவெல. வெல்லவாயவுக்கு அண்மையிலுள்ள இடம். 1630-ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதம். போர்த்துக்கேயத் தளபதி கொன்ஸ்தந்தீனு டி சா, கொழும்பிலிருந்து பெரும் படையுடன் புறப்பட்டுச் சபரகமுவ வழியாக மலையேறினான். பதுளையைக் கொளுத்தினான். அப்போது கண்டியில் செனரத் அரசன். அவனுடைய பிள்ளைகளுள் குமாரசிங்கன் ஊவாவை ஆண்டவன். மற்றொருவன்தான் பின்னர் இரண்டாம் இராஜசிங்கன் எனப் பெயர் பெற்றவன். இவர்கள் ஊரைக் காக்கப் பதுளையில் நின்று போராடவில்லை. எரிகிறதை எரியவிட்டு, பகைவன் திரும்பிப் போகும் வழியை அடைத்தார்கள். மலைநாட்டுப் போரின் இரகசியம் முழுவதும் இந்த ஒன்றில் அடங்கியிருக்கின்றது. ஏறி வருகிறவனை ஏறவிடுவது, இறங்கும்போது பிடிப்பது.

டி சாவின் படையிற் பெரும்பகுதியினர் லஸ்கரின்கள், அதாவது இந்நாட்டிலேயே திரட்டப்பட்ட கூலிப்படையினர். அவர்களுடைய தலைவர்கள் ஏற்கெனவே கண்டியரசனுடன் பேசி வைத்திருந்தார்கள். களத்தில் அவர்கள் கட்சி மாறினர். அதன்மேல் மழையும் பிடித்துக்கொண்டது. மருந்தும் திரியும் நனைந்தால் அக்காலத்துத் துப்பாக்கி வெறுந்தடிதான். தளபதி அங்கேயே மாண்டான். ஊரை எரித்தவன் ஊர்திரும்பவில்லை.

இந்த வெற்றியை நம்பித்தானோ என்னவோ, மலைநாட்டார் அடுத்த இருநூறு ஆண்டுகளுக்கும் மலைகளே தங்களைக் காக்கும் என்று நினைத்துவிட்டனர். 1803-இல் கண்டிக்குள் வந்த ஆங்கிலேயரும் அழிந்துதான் போயினர். ஆனால் 1815-இல் கதை வேறாயிற்று. அப்போது மலைகளின் கதவு உள்ளிருந்து திறக்கப்பட்டது.

கண்டியரசின் கடைசி நான்கு மன்னர்களும் நாயக்கர்கள். 1739 முதல் 1815 வரை ஆண்டவர்கள். தென்னிந்தியாவிலிருந்து வந்த பெண்கொடுப்பினையால் அரியணை ஏறியவர்கள். கடைசி மன்னன் ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கனுக்குக் கண்ணுசாமி என்று பெயர். பிரதானிகளோடு அவனுக்குப் பகை முற்றியது. அவன் கொடுமை செய்யவில்லை என்று நான் வாதாட வரவில்லை. எகலப்பொல அதிகாரின் மனைவி மக்களுக்கு அவன் அளித்த தண்டனையை எந்தத் தமிழனும் நியாயப்படுத்த வேண்டியதில்லை. பிரதானிகள் ஆங்கிலேயரோடு சேர்ந்தார்கள். மன்னன் பிடிபட்டான், வேலூர்க் கோட்டைக்கு அனுப்பப்பட்டு 1832-இல் அங்கேயே இறந்தான். 1815 மார்ச் 2-ஆம் நாள் உடன்படிக்கை கையெழுத்தாயிற்று. தங்கள் உரிமைகளும் மரியாதைகளும் அப்படியே இருக்கும் என்று பிரதானிகள் நம்பினர். இரண்டே ஆண்டுகள் போதுமாயிருந்தன, நம்பிக்கை தீர்வதற்கு.

இப்போது வெல்லசவுக்கு வாருங்கள். இலட்சம் வயல் என்பது அப்பெயரின் பொருள் என்று வழிவழியாகச் சொல்வர். 1817-இல் அங்கே காட்டுக்குள்ளிருந்து ஒருவன் தோன்றினான். தானே துரைசாமி, நாடுகடத்தப்பட்ட மன்னனின் உறவினன், அரசுக்கு உரியவன் என்றான். உண்மையில் அவன் நாயக்கனுமல்லன், தமிழனுமல்லன். வில்பாவ என்னும் முன்னாள் பிக்கு. பொய்ப்பெயர்தான். ஆனால் அந்தப் பொய்யை எண்ணிப் பாருங்கள்! சிங்கள விவசாயிகளை எழுப்ப ஒரு சிங்களவன் தேடிக்கொண்ட பெயர் துரைசாமி! இரண்டாண்டுகளுக்கு முன் பிரதானிகள் தள்ளிவிட்ட அதே குலத்தின் பெயரைச் சொன்னால்தான் குடிமக்கள் கூடுவர் என்று அவன் கணக்கிட்டான். அந்தக் கணக்குப் பலித்தது. அந்நாளில் அரசுரிமை என்பது மொழியைப் பார்த்து வந்ததன்று என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா?

கலகத்துக்கு வேறு காரணங்களும் இருந்தன. வெல்லசவில் ஹாஜி என்ற முஸ்லிம் ஒருவரை ஆங்கிலேயர் முகாந்திரமாக்கி, அங்குள்ள முஸ்லிம்களைப் பழைய பிரதானிகளின் அதிகாரத்திலிருந்து பிரித்தெடுத்தார்கள். பிரதானிகள் சினந்தனர். துரைசாமியைப் பிடித்துவர அந்த ஹாஜியே அனுப்பப்பட்டார். கிளர்ச்சிக்காரர் கையிற் சிக்கி மாண்டார். அடுத்து, பதுளையில் உதவி ரெசிடெண்டாயிருந்த சில்வெஸ்டர் டக்ளஸ் வில்சன் தானே ஒரு சிறு படையுடன் போனான். பிபிலைப் பக்கத்தில் அம்புபட்டு இறந்தான். துப்பாக்கி யுகத்திலும் ஓர் அம்பு சாம்ராஜ்யத்தின் அதிகாரியை வீழ்த்தியது.

ஊவாவின் திசாவை மொனரவில கெப்பெட்டிபொல. கலகத்தை அடக்கும்படி ஆங்கிலேயர் அவரை அனுப்பினார்கள். போனவர் மக்களோடு சேர்ந்துகொண்டார். அதோடு ஒரு காரியம் செய்தார். ஆங்கிலேயர் தம்மிடம் கொடுத்திருந்த துப்பாக்கிகளையும் வெடிமருந்தையும் அவர்களிடமே திருப்பி அனுப்பிவிட்டார். அவர்களுடைய ஆயுதத்தால் அவர்களைச் சுடமாட்டேன் என்பது அதன் பொருள். போர்த்தந்திரம் தெரிந்தவர்கள் இதைப் பேதைமை என்பார்கள். துப்பாக்கிக்குப் பஞ்சமான படை அது. அந்த மருந்தைக்கொண்டு எத்தனை நாள் நின்றிருக்கலாம்! நானும் அப்படி நினைப்பதுண்டு. ஆயினும் இரண்டு நூற்றாண்டுகளுக்குப் பின்னும் அவர் பெயர் நிற்பதற்கு அந்தப் பேதைமையே காரணம்.

போர் பரவியது. ஊவா, வெல்லச, வலப்பனை, மாத்தளை, தும்பறை என்று நாடே கொந்தளித்தது. ஆளுநர் பிரவுன்ரிக் கண்டிக்கே வந்து தங்கி இராணுவச் சட்டத்தைப் பிறப்பித்தான். பெருங்களத்தில் இரு சேனை மோதிய போரன்று இது. கணவாயில் மரத்தை வெட்டிச் சாய்ப்பது, பாறை உருட்டுவது, அரிசிச் சுமை கொண்டுவரும் அணியை மறிப்பது, தபாற்காரனை வழியில் மடக்குவது, இருட்டியதும் மறைவது. பகலில் ஆங்கிலேயர் நாடு. இரவில் திசாவை நாடு. 1818 தொடக்கத்தில் பரணகமவில் மேஜர் மக்டொனால்டு ஏறக்குறைய 60 வீரருடன் ஒரு குன்றின்மேல் அடைபட்டான். கெப்பெட்டிபொலவின் ஆட்கள் ஆயிரக்கணக்கில் சூழ்ந்திருந்தும் எட்டு நாள்வரை அக்குன்று விழவில்லை. பீரங்கியில்லாத படைக்குக் குன்றொன்றே கோட்டையாகிவிட்டது. மக்டொனால்டு கோட்டை என்ற பெயர் அவ்விடத்துக்கு அதனால் வந்தது.

இதை அந்நியனுக்கும் சுதேசிக்கும் இடையே நடந்த போர் என்று மட்டும் சொல்லிவிட்டால் பாதி உண்மை மறைந்துபோகும். இஃது உள்நாட்டுப் போரும் ஆகும். முதல் அதிகார் மொல்லிகொட ஆங்கிலேயர் பக்கமே நின்றார். கொழும்பையும் கண்டியையும் இணைக்கும் பாதையைத் திறந்து வைத்தவர் அவரே. அந்தப் பாதை மூடியிருந்தால் சரித்திரம் வேறுவிதமாகப் போயிருக்கும். ஆங்கிலேயர் படையில் யார் யார்? வெள்ளையர் மட்டுமா? மலாய்க்காரர், காப்பிரிகள், பின்னர் உதவிக்கென்று கப்பலேறி வந்த சென்னை மாகாணத்துச் சிப்பாய்கள். ஆம், சென்னை மாகாணத்துச் சிப்பாய்கள்! தோட்டம் திறக்கக் கங்காணி ஆள்கட்டுவதற்குப் பல ஆண்டுகளுக்கு முன்பே, தென்னிந்திய உழவனின் பிள்ளை சம்பளத்துக்காக ஊவாவுக்கு வந்திருக்கின்றான். வந்தது கொழுந்து பறிக்கவன்று. இதைச் சொல்ல நாவு கூசினாலும் சொல்லித்தான் ஆகவேண்டும்.

ஒளிந்து போரிடுகிறவனை வெல்ல முடியாத சாம்ராஜ்யம், அவனுக்குச் சோறு போடுகிறவனை அழிக்கத் தொடங்கியது. ஊர்கள் கொளுத்தப்பட்டன. நெற்சேரும் விதைநெல்லும் எரிந்தன. மாடுகள் கொல்லப்பட்டன. காய்க்கும் மரங்கள் வெட்டப்பட்டன. குளங்களும் கால்வாய்களும் பாழாயின. இங்கே விவசாயிகள் அமர்ந்திருக்கின்றீர்கள். உங்களுக்கு விளக்க வேண்டியதில்லை. வீடு எரிந்தால் ஓலை வெட்டி மாதத்துக்குள் மறுவீடு கட்டலாம். விதைநெல் போனால் ஒரு போகம் போயிற்று. எருமை போனால் சேறு மிதிப்பதற்கு ஆளில்லை, மூன்று நான்கு ஆண்டு போயிற்று. அணை உடைந்தால், அதைக் கட்டும் கைகளும் கலைந்துபோனால், வயலே காடாயிற்று. அணை ஒருவனுடைய சொத்தன்று. ஊர்கூடிக் கட்டி ஊர்கூடிக் காப்பது. ஊரைக் கலைத்தபின் அணையை உடைக்கக்கூட வேண்டியதில்லை, மழையே உடைத்துவிடும். பஞ்சமும் காய்ச்சலும் படையைப் பின்தொடர்ந்து வந்தன.

எத்தனை பேர் மாண்டனர்? ஆளுநருடன் இருந்த வைத்தியர் ஜோன் டேவி 1821-இல் வெளியிட்ட நூலில் ஒரு மதிப்பீடு தந்திருக்கின்றார். சுரங்கத் தொழிலாளருக்குப் பாதுகாப்பு விளக்கு கண்ட ஹம்ப்ரி டேவியின் தம்பி இவர். ஆங்கிலேயர் தரப்பில் ஏறக்குறைய 1000 பேர். அவர்களுட் பலர் நோயினால் இறந்தவர்கள். சுதேசிகள் தரப்பில் அதைப்போல் பத்து மடங்கு, 10,000 பேர் வரை இருக்கலாம் என்கிறார். போரிலும் தூக்கிலும் நோயிலும் பசியிலும் இறந்த அனைவரும் இதில் அடக்கம். இது வென்றவன் தரப்பு ஆள் எழுதிய கணக்கு.

1818-இன் பிற்பகுதியில் கலகம் தளர்ந்தது. துரைசாமியின் வேடமும் கலைந்தது. கிளர்ச்சிக்காரர் கொண்டுபோயிருந்த புனித தந்தத்தை ஆங்கிலேயர் கைப்பற்றினார்கள். அது யாரிடம் இருக்கின்றதோ அவரே நாட்டுக்குடையவர் என்று நம்பிய மக்களின் மனம் உடைந்தது. அக்டோபர் இறுதியில் கெப்பெட்டிபொல பிடிபட்டார். நவம்பர் இறுதியில் அவரும் மடுகல்லயும் கண்டிப் போகம்பறையில் தலை வெட்டப்பட்டனர். ஹென்றி மார்ஷல் என்ற இராணுவ வைத்தியர் கெப்பெட்டிபொலவின் மண்டையோட்டை எடுத்து எடின்பரோவில் மண்டையோடு ஆராயும் சங்கத்துக்குக் கொடுத்தார். அதே மார்ஷல், வென்றிருந்தால் இவர் தேசபக்தர், தோற்றதனால் துரோகி என்ற கருத்துப்படத் தம் நூலில் எழுதியும் வைத்தார். என்ன மனிதரோ! 1954-இல்தான் அந்த மண்டையோடு தாயகம் திரும்பிக் கண்டியில் வைக்கப்பட்டது. ஆங்கிலேயர் துரோகிகள் என்று அறிவித்த 19 பேரை அரசாங்கம் தேசிய வீரர்களாகப் பிரகடனம் செய்தது 2016 டிசம்பரில். இரு நூற்றாண்டுக்கு இரண்டே ஆண்டு குறைவு.

சரி, இதில் நமக்கென்ன என்று கேட்பீர்கள்.

1818 நவம்பர் 21-ஆம் நாள் பிரகடனம் பிரதானிகளின் அதிகாரத்தைப் பறித்தது. 1840-ஆம் ஆண்டின் 12-ஆம் இலக்கச் சட்டம், உறுதிகாட்ட முடியாத காட்டையும் தரிசையும் முடிக்குரியது என்றது. ஊர்மக்கள் சேனைப்பயிர் செய்த காடு, மாடு மேய்த்த புல்வெளி எல்லாம் காகிதம் இல்லாத நிலம். அரசு எடுத்தது, கோப்பித் துரைமாருக்கு விற்றது. அதன்பிறகே நம் பாட்டன் பூட்டன் இராமநாதபுரத்திலிருந்தும் திருச்சியிலிருந்தும் சேலத்திலிருந்தும் கால்நடையாக வந்தனர். 1869-இல் கோப்பியில் நோய் கண்டது, பின்பு தேயிலை வந்தது, 1924-இல் பதுளைக்கு ரயிலும் வந்தது. அவ்வளவும் உங்களுக்குத் தெரிந்த கதை.

வயல் பாழானது போரினால். மேட்டுநிலம் போனது சட்டத்தினால். இரண்டையும் ஒன்றாகக் குழப்பக்கூடாது. தோட்டங்களெல்லாம் எரிந்த ஊர்களின்மேல் நடப்பட்டன என்று மேடையில் முழங்குவது கேட்க உருக்கமாயிருக்கும், சரியன்று. எனினும் இந்த இரண்டு அடிகளும் விழுந்தது ஒரே மக்கள்மேல். மலைநாட்டுச் சிங்கள விவசாயியின் குறை பொய்க்குறையன்று; 1951-இல் அறிக்கை தந்த கண்டி விவசாயிகள் ஆணைக்குழு மத்திய மாகாணத்தோடு ஊவாவையும் எடுத்துக்கொண்டது சும்மாவா? அந்தக் குறையைக் கையிலெடுத்தவர்கள் அதை ஆளுநர் மாளிகைக்கும் கம்பனி வாசலுக்கும் கொண்டுபோயிருக்க வேண்டும். லயத்து வாசலுக்கு அல்லவா கொண்டுவந்தார்கள்! வந்தேறிகள் நிலத்தைப் பிடித்தார்கள் என்று சொல்லப்பட்டது. பத்தடிக்குப் பன்னிரண்டடிக் காம்பராவில் கிடந்தவன் எந்த நிலத்தைப் பிடித்தான்? அவன் பெயருக்கு ஒரு பேர்ச் நிலம் இருந்ததா? 1948-இன் குடியுரிமைச் சட்டம் அவனை நாடற்றவனாக்கியது. 1964-இன் ஒப்பந்தம் தலையெண்ணிப் பங்கிட்டது. 2003-இன் சட்டம் வரும்வரை எஞ்சியோர் காத்திருந்தனர்.

நமக்கு நேர்ந்த நஷ்டம் என்று தொடக்கத்தில் சொன்னேனே, அஃது இதுதான். வந்தேறி என்றபோது நாம் அழுதோம், முறையிட்டோம். சரித்திரத்தைக் கொண்டு பதில் சொல்லவில்லை. 1818-ஐ அயலவன் கதை என்று விட்டுவிட்டோம். அதனால் பிபிலையின் விவசாயியும் பசறையின் தொழிலாளியும் தங்களுக்குள் பேச வேண்டியதைப் பேசாமலே போனார்கள்.

கெப்பெட்டிபொலவின் மைத்துனர் எகலப்பொல. கண்டியை ஆங்கிலேயருக்குத் திறந்துவிட்டதில் முதற்கை அவருடையது. 1818-இல் அவர்மீதே சந்தேகப்பட்டு ஆங்கிலேயர் கைது செய்தார்கள். பிறகு மொரீஷியசுக்கு அனுப்பினார்கள். கிளர்ச்சிக்காரர் பலரையும் அங்கேதான் அனுப்பினார்கள். 1829-இல் எகலப்பொல அங்கே இறந்தார். ஐந்தாண்டு கழித்து, 1834-இல், அதே தீவின் கரும்புத் தோட்டங்களுக்கு இந்தியாவிலிருந்து ஒப்பந்தக் கூலிகளை ஏற்றிய கப்பல்கள் போகத் தொடங்கின.